எட்டு மணி நேரக் காற்று

அஞ்சலாட்சிக்குக் கழுத்து இடது பக்கம் திரும்பவில்லை. கருவாட்டுக் கூடையைத் தலையில் வைத்துக்கொண்டு வைத்திக்குப்பத்திலிருந்து மார்க்கெட்டுக்கு நடந்து நடந்து, பிடரியில் ஒரு எலும்பு இடம் மாறி உட்கார்ந்துகொண்டதுபோல் இருந்தது. இடது பக்கம் யார் கூப்பிட்டாலும் உடம்பையே திருப்பித்தான் பார்க்க வேண்டும். அப்படித் திருப்பிப் பார்த்தபோதுதான் மார்க்கெட் வாசலில் ஒரு வரிசை தெரிந்தது.

"இன்னாத்துக்கு நிக்கிறாங்க?" என்றாள்.

"காத்து குடுக்கிறாங்களாம்க்கா" என்றாள் பக்கத்தில் கடை போட்டிருந்த செல்வாம்பாள். "சும்மாதான். போய் நில்லு. கூடைய நான் பாத்துக்கிறேன்."

அஞ்சலாட்சி போய் நின்றாள். கழுத்து வலியோடு நின்று அவள் வாங்கிவந்தது ஒரு மேசை விசிறி. உள்ளங்கை அகலம், வெள்ளை நிறம். சார்ஜ் போட்டுவிட்டால் ஒயர் இல்லாமல் எங்கே வேண்டுமானாலும் எடுத்துப்போகலாம். அட்டைப்பெட்டியின் நாலு பக்கத்திலும் 'எட்டு மணி நேரம்' என்று அச்சடித்திருந்தது.

கொடுத்தது குடிமக்கள் குளிர்ச்சி இயக்குநரகம். வெயில் அதிகமாகிவிட்டது என்று அரசாங்கம் புதிதாகத் திறந்த அலுவலகம் அது. வெயிலைக் குறைக்கும் அதிகாரம் அதற்குத் தரப்படவில்லை. ஆகவே வெயிலில் வேலை செய்கிறவர்களுக்கு மேசை விசிறி கொடுத்தது. வெயிலில் வேலை செய்கிறவர்கள் யாரிடமும் மேசை இல்லை என்று யாரோ ஒருவர் மனு போட்டார். இரண்டாம் கட்டத்தில் மேசை வழங்கப்படும் என்று பதில் வந்தது.

விசிறி ஓடத்தான் செய்தது. ஆனால் ஒரு கிராக்கி வந்து, வஞ்சிரக் கருவாட்டை மோந்து பார்த்து, நெத்திலியை மோந்து பார்த்து, விலை கேட்டு, எங்க வீட்டுக்காரர் கருவாடே சாப்பிட மாட்டார் என்று சொல்லிவிட்டுப் போக, அடுத்த கிராக்கி வந்து அதையே செய்து முடிப்பதற்குள் நின்றுவிடும். நின்ற பிறகு ஈக்கள் அதன் இறக்கைமேல் வரிசையாக உட்கார்ந்து ஓய்வெடுத்தன. அதனால் கருவாட்டின் மேல் ஈ குறைந்தது. அந்த அளவில் அஞ்சலாட்சிக்கு அரசாங்கத்தின் மேல் புகார் எதுவும் இல்லை.

புகார் வந்தது அவள் புருஷன் ராஜாங்கத்தின் போனில். ராஜாங்கம் மில்லில் வேலை பார்த்தவன். மில் மூடியது. மில்லில் மூச்சோடு உள்ளே போன பஞ்சு மட்டும் அவன் நெஞ்சில் வேலையை விடாமல் பார்த்துக்கொண்டிருந்தது. இப்போது ஒரு அபார்ட்மெண்டில் வாட்ச்மேன். அவன் போனை எட்டப் பிடித்து எழுத்துக்கூட்டிப் படித்தான்.

'தங்கள் குடும்பத்தில் நாளொன்றுக்கு எட்டு மணி நேரக் குளிர்வசதி இருப்பது எங்கள் பதிவேடுகளில் தெரியவந்துள்ளதால், தங்கள் சிவப்பு ரேஷன் அட்டை மஞ்சள் அட்டையாக உயர்த்தப்பட உள்ளது. வாழ்த்துகள்.'

சிவப்பு அட்டை ஏழைகளுக்கு. மஞ்சள் மற்றவர்களுக்கு.

"நாம பணக்காரங்களாயிட்டோம்டி" என்றான் ராஜாங்கம் இருமிக்கொண்டே.

"எப்பலேர்ந்து?"

"அந்த விசிறிய வாங்கியாந்த நாள்லேர்ந்து."

"மின்னாடியே சொல்லியிருந்தா ஒரு நாளாவது படுத்துக் கெடந்திருப்பேனேயா."

சிரித்தார்கள். பிறகு சிரிப்பு நின்றுவிட்டது. சிவப்பு அட்டை போனால் மாத அரிசி போகும். ராஜாங்கத்தின் நெஞ்சுக்கு ஆஸ்பத்திரியில் செலவில்லாமல் பார்ப்பதும் போகும். அரிசி போனால் பாதி வயிறு. நெஞ்சு போனால் ராஜாங்கமே போவான்.

மறுநாள் அவள் இயக்குநரகத்துக்குப் போனாள். கடற்கரைக்குப் பக்கத்தில் பிரெஞ்சுக்காரன் கட்டிய பழைய கட்டடம். காற்று வரட்டும் என்று அவன் இரண்டு ஆள் உயரத்துக்குச் சன்னல் வைத்திருந்தான். குளிர்ச்சி இயக்குநரகம் குடிவந்ததும் முதல் வேலையாக, ஏசி வீணாகிறது என்று அத்தனை சன்னல்களையும் பலகை அடித்து மூடியது.

கண்காணிப்பாளர் கமலக்கண்ணன் நிமிர்ந்து பார்த்தார்.

"விசிறி வந்திருக்கா?"

"நான் வந்திருக்கேன் சார்."

"நீ வந்து என்னம்மா பண்றது? உன் சார்பா யாரு வேணா வரலாம். விசிறி நேர்ல வரணும்."

இது அவர் வேண்டுமென்றே சொன்னதல்ல. கமலக்கண்ணனின் பெரியப்பா பிரெஞ்சுப் பட்டாளத்தில் சொல்தாவாக, அதாவது சிப்பாயாக இருந்தவர். பிரான்சிலிருந்து பென்ஷன். வருஷா வருஷம் தான் உயிரோடு இருப்பதை அவர் நேரில் போய்க் காட்ட வேண்டும். கடைசி வருஷம் நாற்காலியோடு தூக்கிக்கொண்டு போய்க் காட்டினார்கள். அவர் கண்ணைத் திறக்கவில்லை. மேசையில் இருந்தவர் இரண்டு தடவை கூப்பிட்டுப் பார்த்தார். மூன்றாவது தடவை கிழவர் அவரைக் கெட்ட வார்த்தையில் திட்டியதும் முத்திரை குத்திக் கொடுத்துவிட்டார். அந்தப் பென்ஷனில் படித்து வளர்ந்தவர் கமலக்கண்ணன். உலகத்தில் எதுவாக இருந்தாலும் அது உயிரோடு இருப்பதைத் தானே வந்து காட்டவேண்டும் என்பது அவர் குடும்ப நம்பிக்கை. விசிறித் திட்டத்துக்கு விதிமுறை எழுதச் சொன்னபோது பென்ஷன் படிவம் ஒன்றைக் கொண்டுவந்து, 'ஓய்வூதியர்' என்று இருந்த இடத்திலெல்லாம் 'விசிறி' என்று மாற்றினார். மற்றதை மாற்றச் சொல்லி அவருக்கு உத்தரவில்லை.

அடுத்த நாள் அஞ்சலாட்சி கருவாட்டுக் கூடைக்குள்ளேயே விசிறியை வைத்துக் கொண்டுபோனாள். கமலக்கண்ணன் கைக்குட்டையை மூக்கில் வைத்துக்கொண்டு எட்டிப் பார்த்தார்.

"உயிரோட இருக்கா?"

"வூட்ல சார்ஜ் போட்டுத்தான் சார் எடுத்தாந்தேன். வர்ற வழில வேக்காடு தாங்கல. போட்டேன். நின்னுபோச்சி."

"வழியிலயே போயிடுச்சா?" அவர் குரல் தணிந்தது. பிறகு படிவத்தை எடுத்தார்.

"விசிறியின் தகப்பனார் பெயர்?"

"சைனாக்காரன்னு சொல்லிக்கிறாங்க சார்."

"விசிறி தற்போது வெளிநாட்டில் வசிக்கிறதா?"

"கூடையில கீது."

"விசிறி மறுமணம் செய்துகொண்டதா?"

அஞ்சலாட்சி கூடையைப் பார்த்தாள். "எனக்குத் தெரிஞ்சி இல்ல சார். நான் மார்க்கெட்டுக்குப் போயிட்டா வூட்ல இன்னா நடக்குதுன்னு எனக்குத் தெரியாது."

"இல்லைன்னு போட்டுக்கிறேன். ஆமாம்னா திட்டம் ரத்தாயிடும்."

"சார், எனக்கு ஒண்ணே ஒண்ணு. இது எட்டு மணி நேரம் ஓடலைன்னு ஒரு சீட்டு எழுதிக் குடுத்துருங்க. என் அட்டைய செவப்பாவே உட்டுடுவாங்க."

கமலக்கண்ணன் பேனாவை வைத்தார். அவர் கெட்டவர் அல்ல. பொறுமையாகவே சொன்னார்.

"இங்க பாரும்மா. எட்டு மணி நேரம் ஓடும்னு எங்ககிட்டச் சான்று இருக்கு. ஓடலைன்னு நீ சொன்னா அரசாங்கச் சொத்தைக் கெடுத்தேன்னு ஆவும். கேஸு. ஓடுதுன்னு சொன்னா உனக்குக் குளிர்வசதி இருக்கு. மஞ்சள் அட்டை. ரெண்டுல எது வேணும்?"

"ரெண்டும் வேணாம் சார்."

"அந்தக் கட்டம் படிவத்துல இல்லையேம்மா."

அவள் கூடையை அங்கேயே இறக்கி, அதற்குப் பக்கத்தில் சம்மணம் போட்டு உட்கார்ந்துவிட்டாள். திட்டவில்லை, அழவில்லை, உட்கார்ந்தாள். ஏசி அறையில் கருவாட்டு வாசனை மெதுவாகத்தான் கிளம்பும், ஆனால் கிளம்பினால் போக இடம் இருக்காது. சன்னல்தான் பலகை அடித்திருக்கிறதே. பக்கத்து மேசைக்காரர்கள் ஒவ்வொருவராக டீ குடிக்கப் போனார்கள். திரும்பி வரவில்லை. கடைசியில் கமலக்கண்ணன் எழுந்து அவளைச் சோதனைக் கூடத்துக்குக் கூட்டிப்போனார்.

தொழில்நுட்ப அலுவலர் கோபிநாத் ஸ்வெட்டர் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தார். அறை அவ்வளவு குளிர். அலமாரியில் விசிறிகள் வரிசை வரிசையாக இருந்தன. ஒன்றும் ஓடவில்லை.

"எட்டு மணி நேரம்னு எப்டி சார் கண்டுபுடிச்சீங்க?" என்று கேட்டாள் அஞ்சலாட்சி.

அந்தக் கேள்வியை யாரும் இதுவரை கேட்டதில்லை போலிருக்கிறது. கோபிநாத் முகம் மலர்ந்தது.

"ரொம்பக் கடுமையான சோதனைம்மா. காலையில பத்து மணிக்கு ஃபுல் சார்ஜ் பண்ணி இந்த மேசை மேல வைப்போம். சாயங்காலம் ஆறு மணிக்கு எடுத்துப் பார்ப்போம். சார்ஜ் அப்படியே இருக்கும். எட்டு மணி நேரம்."

"அதுவரைக்கும் ஓடிக்கினே இருக்குமா?"

"சே சே. ஓட விட்டா பேட்டரி தீர்ந்துடுமே? தீர்ந்துபோன பேட்டரிய வச்சி ஆயுளை எப்படி அளக்கிறது? ஒரு மனுஷனோட ஆயுள் எவ்வளவுன்னு பார்க்க அவனை ஓட விட்டே சாகடிப்பாங்களா?"

"எங்கள அப்டித்தான் சார் பாக்கறாங்க" என்றாள் அஞ்சலாட்சி.

கோபிநாத்துக்கு அது காதில் விழவில்லை. "ஆறு மணிக்கு மேல ஆபீஸ் கிடையாது. இல்லாட்டி இன்னும் கூடவே வந்திருக்கும். எட்டுன்னு போட்டது எங்க அடக்கம்."

"ஓடாம வெச்சா என் கூடைகூட எட்டு மணி நேரம் அப்டியேதான் சார் இருக்கும். ஒருவாட்டி ஓடவுட்டுப் பாருங்க."

இரண்டு அதிகாரிகளும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். ஓட விட்டுப் பார்ப்பதற்கு விதி இல்லை. ஓட விடக்கூடாது என்றும் விதி இல்லை. அவள் கூடை சோதனைக் கூடத்துக்கும் வந்திருந்தது. ஓட விட்டார்கள்.

விசிறிக்கு நன்றாகச் சார்ஜ் ஏற்றி மேசையில் வைத்து, மூன்று பேரும் சுற்றி உட்கார்ந்தார்கள். சற்று நேரத்தில் கோபிநாத், குளிருது, அந்தப் பக்கம் திருப்பு என்றார். கமலக்கண்ணன் தன் பக்கம் வந்ததும் மறுபடி திருப்பினார். அஞ்சலாட்சிக்குப் பல் கிட்டியது. நாற்பதாவது நிமிடம் விசிறி ஒரு முனகல் முனகி நின்றது.

கோபிநாத் தட்டிப் பார்த்தார். தலைகீழாகக் கவிழ்த்துப் பார்த்தார். பிறகு எழுதினார்: 'நாற்பது நிமிடக் காற்று விசிறியிலிருந்து வெளிவந்தது. மீதி ஏழு மணி இருபது நிமிடக் காற்று விசிறிக்குள் காணப்படவில்லை.'

"அப்ப எங்க போச்சு?" என்றார் கமலக்கண்ணன். இரண்டு பேரும் அஞ்சலாட்சியைப் பார்த்தார்கள்.

"என்னியே பாத்தா? மடியிலயா முடிஞ்சி வெச்சிக்கிறேன்?" என்று அவள் சுருக்குப் பையை அவிழ்த்துக் கொட்டினாள். வெற்றிலை, பாக்கு, ஒரு ஊக்கு. கமலக்கண்ணன் வெற்றிலையைத் தூக்கி அடியிலும் பார்த்தார்.

காணாமல் போன காற்றைப் பற்றிய விசாரணை இயக்குநர் ஜானகிராமன் முன்பு நடந்தது. அவர் தலைக்குமேல் ஒரு பெரிய விருது மாட்டியிருந்தது. பன்னிரண்டாயிரம் விசிறி, ஒவ்வொன்றும் எட்டு மணி நேரம் என்று பெருக்கி, நாட்டிலேயே அதிகக் காற்று வழங்கிய அலுவலகம் என்று டெல்லியில் கொடுத்தது. அறையில் இரண்டு ஏசி ஓடின. இயக்குநர் எழுந்து நின்று பேசினார். எதிரில் இருந்தது மூன்று பேர்தான் என்றாலும் கூட்டத்தில் பேசுகிற குரல்தான் அவருக்கு இருந்தது.

"அம்மா, நானும் கஷ்டப்பட்ட குடும்பத்துலேர்ந்து வந்தவன்தான். வெயில்னா என்னன்னு எனக்குத் தெரியும். தெரிஞ்சதனாலதான் நான் வெயில்ல போறதே இல்ல. வெயில்ல நின்னுக்கிட்டு வெயிலைப் பத்தி முடிவெடுத்தா அது ஒருதலைப்பட்சமாயிடும். அதுக்குத்தான் ரெண்டு ஏசி. எனக்காகவா? உங்களுக்காக நடுநிலையா இருக்கணும்னு. போன கோடையில ஒண்ணு ரிப்பேர் ஆயிடுச்சு. அந்த ஒரு வாரம் நான் எந்தக் கோப்புலயும் கையெழுத்தே போடல. ஏன்? வேர்வை பட்டா ஜனங்களோட விண்ணப்பம் அழிஞ்சிடுமே!"

கமலக்கண்ணன் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

"நாங்க எட்டு மணி நேரம் குடுத்தோம். குடுத்த கணக்கு டெல்லிக்குப் போயிடுச்சு. விருதும் வந்துடுச்சு. வந்த விருது பொய்யாகுமா? ஆகாது. அப்ப நாங்க குடுத்தது எட்டு. உங்ககிட்ட இருக்கிறது நாப்பது நிமிஷம். நடுவுல போன காத்து பொதுமக்கள் சொத்து. அதை வசூல் பண்ணாம நான் தூங்கமாட்டேன்."

"சார், காத்துக்கு நான் எங்க போவறது?" என்றாள் அஞ்சலாட்சி.

"பணமா கட்டலாமா?" என்று இயக்குநர் கமலக்கண்ணனைக் கேட்டார்.

"காத்துக்கு விலைப்பட்டியல் இன்னும் வரலைங்க சார். காத்தாத்தான் கட்டணும்."

"அப்ப காத்தாவே கட்டட்டும். எங்களுக்கு வீசட்டும். கட்டி முடிச்சதும் அட்டைய மஞ்சளாக்கிடுங்க."

"ஆமாங்க சார். பாக்கி இருக்கிற வரைக்கும் கோப்புல கை வைக்க முடியாது. அட்டை எந்த நிறத்துல இருந்துச்சோ அப்படியேதான் இருக்கும்."

அஞ்சலாட்சி உடம்பையே திருப்பிக் கமலக்கண்ணனைப் பார்த்தாள்.

"இன்னா சார் சொன்னீங்க? பாக்கி தீர்ற வரைக்கும் செவப்பா?"

"சிவப்புதான்."

"அரிசி?"

"வரும்."

"எங்க வூட்டுக்காரரு நெஞ்சுக்கு ஆஸ்பத்திரி?"

"அதுவும்தான். பாக்கி தீர்ந்த அன்னைக்கே மஞ்சள்."

வாழ்நாள் முழுக்கத் தண்டல்காரனைப் பார்த்தால் சந்து மாறிப் போனவள் அவள். ஒரு கடனைப் பார்த்து அவளுக்குச் சிரிப்பு வந்தது அதுதான் முதல் தடவை.

"கட்டிர்றேன் சார்" என்றாள். "அரசாங்கக் காத்த நான் இன்னாத்துக்கு வெச்சிக்கப்போறேன்? ஆனா எனக்கு மொறத்தாலதான் வீசத் தெரியும்."

"எதனால வேணும்னாலும் வீசுங்க" என்று இயக்குநர் உத்தரவு போட்டார். கமலக்கண்ணன் அதையும் எழுதிக்கொண்டார்.

அடுத்த வாரம் நல்ல வெயிலில் கரண்ட் போனது. இயக்குநரகத்தில் எல்லா ஏசியும் நின்றன. சன்னலைத் திறக்கப் போனார்கள். பலகையில் அடித்த ஆணி கழன்றுவரவில்லை. இயக்குநரின் மேசையில் இருந்த மூன்று விசிறிகளும் ஒன்றன்பின் ஒன்றாக முனகி நின்றன. வசூலுக்கு இதைவிட நல்ல நேரம் வராது என்று ஜீப்பை அனுப்பி அஞ்சலாட்சியை மார்க்கெட்டிலிருந்து கூட்டிவந்தார்கள். ஜீப்பில் அவள் முன்சீட்டில் உட்கார்ந்து வந்ததாகச் செல்வாம்பாள் இன்றைக்கும் சொல்கிறாள்.

கருவாடு காயவைக்கிற முறத்தோடு வந்தாள். அதில் சென்னாங்கூனி என்கிற பொடி இறாலின் தூளும் உப்பும் வருஷக்கணக்கில் ஏறி ஊறிப் போயிருந்தன. இயக்குநருக்கு எதிரில் நின்று, சேலையை இடுப்பில் செருகிக்கொண்டு, இரண்டு கையாலும் முறத்தை ஓங்கி வீசினாள்.

முதல் வீச்சில் கோப்புகள் பறந்தன. இரண்டாவது வீச்சில் வைத்திக்குப்பத்துக் கரை முழுவதும் அந்த அறைக்குள் வந்து இறங்கியது. உப்புத் துகள் இயக்குநரின் கண்ணாடியில் படிந்தது. ஒரு மீன் செதில் விருதில் போய் ஒட்டிக்கொண்டது.

"காத்து வருதா சார்?" என்று அன்பாகக் கேட்டாள்.

"வருது, வருது. போதும்மா" என்றார் இயக்குநர் மூக்கைப் பிடித்துக்கொண்டு.

கமலக்கண்ணன் கடிகாரத்திலிருந்து கண்ணை எடுக்கவில்லை. "சார், இப்பத்தான் மூணு நிமிஷம்."

"தள்ளுபடி பண்ணிடுய்யா!"

"தள்ளுபடி பண்ணலாம் சார். ஏன் பண்ணோம்னு காரணம் எழுதணும். விசிறி எட்டு மணி நேரம் ஓடாதுன்னு எழுதணும். அப்புறம் பன்னெண்டாயிரம் விசிறிக்கும் எழுதணும். அப்புறம் டெல்லியிலேர்ந்து ஆள் வந்து..." என்று அவர் சுவரைப் பார்த்தார். இயக்குநரும் சுவரைப் பார்த்தார். விருதில் செதில் மின்னியது.

"வீசும்மா" என்றார் இயக்குநர், கண்ணை மூடிக்கொண்டு.

ஒன்பதாவது நிமிடத்தில் அஞ்சலாட்சி தானாக நிறுத்தினாள். முறத்தைக் கக்கத்தில் வைத்துக்கொண்டாள்.

"கரைக்கு மீனு வந்திருக்கும் சார். நான் போறேன். மீதிய அப்புறமா வந்து தர்றேன்."

இயக்குநர் நாற்காலியிலிருந்து எழுந்தேவிட்டார். "அவசரமே இல்லீங்கம்மா. உங்களுக்கு எப்ப முடியுதோ அப்பக் குடுங்க. முடியலைன்னாலும் பரவாயில்ல. நாங்க கேக்கவே மாட்டோம்."

"அய்யய்யோ, அது தப்பு சார். கடன் கடன்தான்" என்றாள் அஞ்சலாட்சி.

வீட்டில் ராஜாங்கம் பயந்தான். "கவர்மெண்டுக் கடன்டி. சீக்கிரம் போயி அடைச்சிட்டு வந்துடு."

"வாயக் கழுவுயா. அது அடைஞ்சா நாம இன்னாத்தத் துன்றது?"

செய்தி மார்க்கெட் முழுக்கப் பரவியது. செல்வாம்பாள் தன் விசிறியைத் துடைத்து எடுத்துக்கொண்டு, "எனக்கும் கொஞ்சம் காத்து பாக்கி போட்டுத் தரச் சொல்லுக்கா" என்று வந்து நின்றாள். அவளுக்குப் பின்னால் பூக்கடைக்காரி, அவளுக்குப் பின்னால் கீரைக்காரி. அந்தத் திங்கட்கிழமை இயக்குநரகத்தின் வாசலிலிருந்து கடற்கரை வரைக்கும் விசிறிகள் நேரில் வந்து வரிசையில் நின்றன. கமலக்கண்ணன் ஒவ்வொன்றிடமும் மறுமணம் பற்றி விசாரித்துக்கொண்டிருந்தார். இயக்குநர் விடுப்பில் போயிருந்தார்.

அஞ்சலாட்சி அட்டையை நீட்டி அந்த மாத அரிசியை வாங்கிக்கொண்டாள். அட்டை சிவப்பாகத்தான் இருக்கிறது. அவள் அரசாங்கத்துக்குத் தரவேண்டிய காற்று இன்னும் ஏழு மணி பதினோரு நிமிடம் பாக்கி.